சுரங்கத்தில் நின்ற விளக்குக்காரன்

பல் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பது அவள் பிழைப்பு. லீவு நாளிலும் சும்மா இருக்க மாட்டாள். பழைய மேசை விளையாட்டுகளின் அட்டைகளையும் தாள்களையும் ஸ்கேன் செய்து இணையக் காப்பகத்தில் ஏற்றுவாள். அங்கே எல்லோருக்கும் அவள் ‘எக்ஸ்ரே அக்கா’.

எல்லாம் தம்பி விட்டுப்போன விளையாட்டுப் பெட்டியால் வந்த வினை. அவனும் நண்பர்களும் வாரம் தவறாமல் மேசையைச் சுற்றி உட்கார்ந்து, ஆளுக்கொரு பாத்திரமாகி, பகடை உருட்டிக் கதை வளர்ப்பார்கள். தம்பியின் பாத்திரம் விளக்குக்காரன். கடைசி ஆட்டத்தில் அவன் வெள்ளம் ஏறும் சுரங்கத்தில் மாட்டியிருந்தான். உயிர்ப்புள்ளி ஒன்றுதான் பாக்கி; அதுவும் போனால் சாவுதான். மிச்சத்தை அடுத்த வாரம் பார்ப்போம் என்று எழுந்தார்கள். அடுத்த வாரம் போகிற வழியில் லாரி மோதித் தம்பி செத்துப்போனான்.

அந்தக் கூட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஆள் வராவிட்டால் அவன் பாத்திரத்தை யாரும் சாகடிக்கக் கூடாது; நின்ற இடத்திலேயே நிற்கும். ஆகவே விளக்குக்காரன் இன்னும் அங்கேதான் நிற்கிறான். குழாயில் தண்ணீர் சொட்டினாலே அவள் எழுந்து போய் இறுக்கி மூடுவாள்.

பெட்டியில் இருப்பது எதையும் விடக் கூடாது என்பது காப்பகத்தின் விதி. விதியாயிற்றே என்று தம்பியின் பாத்திரத் தாளையும் ஏற்றினாள். அவன் கதையையும், அந்த வழக்கத்தையும் குறிப்பாக எழுதிவைத்தாள். முன்பின் தெரியாத நாலு பேர் அதை இறக்கி, விட்ட இடத்திலிருந்து ஆடுவார்கள் என்று கனவா கண்டாள்? ஒரு ஞாயிறு மதியம் அவர்களில் ஒருத்தி வீடியோ அழைப்பில் திரையில் வந்தாள்.

“அக்கா, சுரங்க வாசல் வரைக்கும் வந்துட்டோம். அவரை நாங்க தொடல. கடைசி உருட்டை நீங்கதான் உருட்டணும். பத்துக்கு மேல விழுந்தா வெளிய வந்துடுவார். இல்லன்னா…”

உருட்டினால் தம்பி இரண்டாம் முறை சாகலாம். உருட்டாவிட்டால் என்றைக்கும் அந்த இருட்டில், தண்ணீரில். இருபது முகப் பகடையைக் கைக்குள் பொத்திக்கொண்டு அவள் உட்கார்ந்திருந்தாள். மகன் பேச்சை எடுத்தாலே எழுந்து போய்விடும் அம்மா பின்னால் வந்து நின்றதை அவள் கவனிக்கவில்லை.

“எத்தனை வருஷமா அவனை அங்கயே நிக்க வச்சிருக்கே? உருட்டுடி.”

பகடை மேசை விளிம்புவரை ஓடி நின்றது. பதினேழு.

“வெளிய வந்துட்டார்க்கா,” என்றாள் அந்தப் பெண். எக்ஸ்ரே அக்கா மேசையில் தலைகவிழ்ந்து அழுதாள். அப்பாடா என்றிருந்தது.

தாழ்ப்பாள் சத்தம் கேட்டு நிமிர்ந்தாள். அம்மா வாசல் கதவை அகலத் திறந்துகொண்டிருந்தாள்.

“வெளிய வந்துட்டான்ல? வேற எங்க போவான்?”

கதவைச் சாத்த மகளுக்கு மனம் வரவில்லை. அம்மாவுக்குப் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, அவளும் தெருவைப் பார்த்து உட்கார்ந்தாள்.