தட்டுக்குக் கீழே ஒரு துண்டு

செல்வி, குமாரு, உங்க நைனா எழுதுறேன்.

தம்பி குமாருவோட ஒரு ஞாயிற்றுக்கிழமையைச் செல்வி செல்போனில் எடுத்த குறும்படத்தை எர்ணாவூர் பள்ளியில் போட்டாங்க. அதில் குமாரு துண்டை மடிச்சு விரிச்சு, அதுமேல எவர்சில்வர் தட்டை வச்சுச் சாப்பிடுறான். தலையணையில் முகம் புதைச்சுத் தும்முறான். ஒரு பேச்சு இல்லை.

பக்கத்திலிருந்த தோஸ்து, "இன்னா மாமு, ஸ்பீக்கர் பூடுச்சா?" என்றான்.

செல்வி திரும்பி, "இல்ல மாமா, நைட் ஷிஃப்ட் முடிச்சு நைனா தூங்கினுகீதுல்ல" என்றாள்.

என் பிள்ளைங்க ரொம்ப அமைதின்னு நான் வேலை பாக்குற கண்டெய்னர் யார்டு முழுக்கப் பெருமையடிச்சவன் நான். அது உங்க குணமில்லை, என் தூக்கம்னு அப்பதான் புரிஞ்சுது.

அடுத்த ஞாயிறு, ஷிஃப்ட் முடிச்சு வந்து, நீங்க எழுந்திருக்கும் முன்னே பாயைச் சுருட்டி மொட்டைமாடிக்குப் போனேன். தண்ணித்தொட்டி நிழலில் விரிச்சேன். கீழே வீட்டில் தட்டு விழுந்து உருளும் சத்தம் கேட்டுது. புரண்டு படுத்தேன்.