சண்டை வராத காட்சி

அந்தத் தொலைக்காட்சித் தொடரின் அலுவலகத்தில் அவளுக்குச் சொந்தக்கார அக்கா என்று பெயர். அங்கே அவளுக்கு ஒட்டும் கிடையாது, உறவும் கிடையாது. கதையில் யார் யாருக்கு என்ன முறை என்று நினைவில் வைத்திருப்பதுதான் அவள் வேலை. எண்ணூறு நாளாக ஓடிக்கொண்டிருந்த கதை அது. தத்துப் போனவர்கள், ஓடிப் போனவர்கள், செத்துப் பிழைத்து வந்தவர்கள் என்று ஒரு பட்டாளமே இருந்தது. ஒருநாள் வசனகர்த்தா கதாநாயகியின் தங்கைக்குப் புதிதாக ஒரு மாப்பிள்ளையைப் பிடித்துக்கொண்டு வந்தார்.

"சார், அவன் அவளுக்குச் சித்தப்பா முறை. போன வருஷம் நீங்கதான் தாத்தாவோட ரெண்டாவது குடும்பத்துல அவனைப் பொறக்க வெச்சீங்க" என்றாள். அவர் தலையைச் சொறிந்துகொண்டே மாப்பிள்ளையை வெளியூருக்கு அனுப்பிவிட்டார்.

ஊரார் குடும்பத்தையெல்லாம் கட்டிக் காத்தவள், தன் குடும்பத்தைப் பற்றி வாயே திறக்கமாட்டாள். கணவர் பிரிந்து பதினான்கு வருஷம். பெரிய சண்டை என்று எதுவும் இல்லை. இரண்டு வருஷம் பேச்சில்லாமல் கிடந்த வீடு, பிறகு இரண்டு கையெழுத்து. அவர் வேறு கல்யாணம் செய்துகொண்டார். அந்தப் பெண்ணை ஒரே ஒரு தடவை செருப்புக் கடை வாசலில் பார்த்து, பார்க்காததுபோல் நடந்துவிட்டாள்.

போன மழைக்காலத்தில் ஒரு காலை, தெரியாத எண்ணிலிருந்து போன் வந்தது. "அக்கா" என்று ஆரம்பித்த குரல் கொஞ்சம் தயங்கி, தான் அவருடைய இப்போதைய மனைவி என்று சொன்னது. அவருக்கு நெஞ்சுவலி, ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்கள். எந்த மருந்து ஒத்துக்கொள்ளாது என்று டாக்டர் கேட்கிறார். எப்போதோ ஒரு ஊசியில் முகம் வீங்கியதாக அவர் சொல்லியிருக்கிறார், ஆனால் அது இவளோடு இருந்த காலத்துச் சங்கதி, மருந்தின் பெயர் தெரியவில்லை.

மருந்தின் பெயரைப் போனிலேயே சொல்லிவிட்டாள். அதோடு விட்டிருக்கலாம். ஆனாலும் லீவு சொல்லிவிட்டுக் கிளம்பினாள். ஏன் போனாள் என்று கேட்டால் அவளுக்கே சொல்லத் தெரியாது.

வராந்தா பெஞ்சில் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தார்கள். சின்னவள் முந்தின நாளிலிருந்து பட்டினி என்று தெரிந்ததும், இவள் டீயும் பன்னும் வாங்கி வந்து ஆளுக்குப் பாதியாகப் பிட்டாள். அவர் அப்போதும் இப்படித்தான் குறட்டை விடுவாரா என்று சின்னவள் மெதுவாகக் கேட்டாள். பக்கத்து வீட்டுக்காரர் வந்து கதவைத் தட்டியதைச் சொன்னாள் இவள். சிரித்துவிட்டு, சிரித்ததற்காக இருவரும் வெட்கப்பட்டார்கள். மதியம் சின்னவளின் மகள் பள்ளிக்கூடப் பையோடு வந்து, இது யாரென்று கேட்டாள்.

"பெரியம்மா" என்றாள் சின்னவள், ஏதோ என்றைக்கோ தீர்மானமான விஷயம்போல.

சாயங்காலம், கண்டம் தாண்டிவிட்டது என்றார் டாக்டர். உள்ளே போய்ப் பார்க்கச் சொன்னபோது இவள் மறுத்துவிட்டு வீடு திரும்பினாள்.

இரண்டு மாதம் கழித்து வசனகர்த்தா இடுப்பைப் பிடித்துக்கொண்டு படுத்துவிட்டார். தொடரிலும், மூத்த தாரமும் இளைய தாரமும் ஆஸ்பத்திரியில் சந்திக்கும் கட்டம். அவளையே எழுதச் சொன்னார் இயக்குநர்; தலைமுடியைப் பிடித்துக்கொள்ளும் அளவுக்குச் சண்டை வேண்டும். இரண்டு நாள் எழுதி எழுதிக் கிழித்தாள். மூன்றாம் நாள் பெஞ்ச், பன், குறட்டை எல்லாம் தானாக வந்தன. கடைசியில் இளையவள் அழுதாள்.

சண்டை எங்கே என்று எகிறினார் இயக்குநர். மூத்த தாரமாக நடித்தவள்தான் காப்பாற்றினாள். "ஒருநாளாவது உட்கார்ந்து பேசறேனே சார். கத்திக் கத்தித் தொண்டை போச்சு."

ஒளிபரப்பான அன்று சின்னவள் போன் செய்தாள்.

"நல்லா இருந்துச்சுக்கா. ஆனா அன்னிக்கு நான் அழவே இல்லையே. நீங்கதானே அழுதீங்க?"

பெரியம்மா என்ற வார்த்தையைக் கேட்டதும் எழுந்துபோய், வராந்தாக் கோடியில் குழாயைத் திறந்து நெடுநேரம் முகம் கழுவியது அப்போதுதான் அவளுக்கு நினைவு வந்தது. யாரும் பார்க்கவில்லை என்று இருந்துவிட்டாள். வேண்டுமென்று மாற்றி எழுதவில்லை. தன்னை அழவைக்கப் பேனாவுக்கு மனம் வரவில்லை, அவ்வளவுதான்.

"ஆமா, நான்தான் அழுதேன்" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை வரச் சொன்னாள் சின்னவள். போனாள். கதவைத் திறந்தவர் அவர்தான், பாதியாக இளைத்திருந்தார். "வா" என்று சொல்லிவிட்டு, எங்கே நிற்பது என்று தெரியாமல் செய்தித்தாளோடு உள்ளே போய்விட்டார். அடுக்களையில் இருவரும் பட்டாணி உரித்துக்கொண்டே பொழுதுபோவது தெரியாமல் பேசினார்கள்.

வசனகர்த்தா எழுந்து நடமாட ஆரம்பித்த பிறகும், பெண்கள் பேசும் காட்சிகளை அவளிடமே விட்டுவிட்டார். எழுதியதை முதலில் சின்னவளிடம் போனில் படித்துக் காட்டுகிறாள். "இப்படியெல்லாம் யாரும் பேசமாட்டாங்கக்கா" என்கிறாள் அவள். சில சமயம் இவள் மாற்றுகிறாள். சில சமயம் மாற்றுவதில்லை.