சாய்ந்த பயிரில் வாத்து

எளிமையாக வாழப்போகிறோம் என்று சென்னையை விட்டுப் பூதலூர்ப் பக்கம் கிளம்பியபோது, தெரிந்தவர்கள் எல்லாரும் பொறாமைப்பட்டார்கள். அவர்களில் ஒருவராவது ஒரு நாள் களை பறித்துப் பார்த்திருக்க வேண்டும். இடுப்பை ஒடிப்பதில் எளிமையை மிஞ்ச எதுவும் கிடையாது.

முதல் வருடம் விளைந்ததில் பாதியைப் பூச்சி தின்றது. கடையில்தான் அரிசி வாங்கினோம். "அடுத்த வருஷமும் இப்படின்னா திரும்பிப் போயிடலாம்" என்றார் கணவர். அந்த வார்த்தையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். வெளியே சொல்லவில்லையே தவிர, அதற்காகத்தான் காத்திருந்தேன்.

இரண்டாம் வருடம் ஊரே சீக்கிரம் விளையும் நெல்லைப் போட, இவர் மட்டும் ஆளுயர நாட்டு ரகத்தைப் போட்டார். தை மாதம் சுற்றிலும் மெஷின் வந்து அறுத்துவிட்டுப் போனது. எங்கள் வயல் மட்டும் மிச்சம். அதுவும் கடைசி மழையில் கதிர் பாரம் தாங்காமல் மொத்தமாகப் படுத்துவிட்டது.

அந்த ஞாயிற்றுக்கிழமை அவர் மாதா கோயில் பூசைக்குப் போயிருந்தார். எனக்குப் போகத் தெம்பில்லை, வாசலில் உட்கார்ந்திருந்தேன். அறுத்த வயல்களில் சிந்திய நெல்லைப் பொறுக்க ஒருவர் வாத்து மந்தையை ஓட்டி வந்திருந்தார். பார்த்துக்கொண்டிருக்கும்போதே அத்தனை வாத்தும் வரப்பைத் தாண்டி எங்கள் பயிரில் இறங்கின.

நான் சும்மா உட்கார்ந்திருந்தால் போதும். சாயங்காலம் பெட்டி கட்டியிருக்கலாம். யாரும் என்னைக் குற்றம் சொல்ல முடியாது.

செருப்புகூடப் போடாமல் ஓடினேன். சேற்றில் விழுந்து எழுந்து, முந்தானையை வீசி விரட்டினேன். வாத்துக்காரர் பதறி வந்தார்.

"அறுத்த வயலுன்னு நெனச்சுட்டேன்க்கா. தரையோட தரையா கெடந்துச்சு."

"கண்ணு தெரியலயா? இது எங்க சோறுய்யா!"

அவர் கழியை நீட்டி மந்தையைத் திருப்பிக் கொண்டுபோனார். நான் வரப்பில் உட்கார்ந்து அழுதேன். நெல்லுக்காக இல்லை, சென்னைக்காகத்தான்.

அதற்குள் கணவருக்குச் சேதி போய்விட்டது. வண்டியைப் போட்டுவிட்டு ஓடி வந்தார். வயலைப் பார்க்க அவருக்குத் தைரியம் வரவில்லை, என் முகத்தையே பார்த்தார்.

"எவ்வளவு போச்சு? வருஷத்துக்குத் தேறுமா?"

தேறாது என்று ஒரு வார்த்தை சொன்னால் நம்பியிருப்பார்.

"ஓரத்துல கொஞ்சம் போச்சு, அவ்வளவுதான்" என்றேன். "படுத்த பயிருல மெஷின் இறங்காது. அருவாளைத் தீட்டி வைங்க. காலையில ரெண்டு பேருமா அறுப்போம்."