தண்ணீர் குடித்து வாழ்ந்த அவதாரம்

நேற்று பக்கத்து வீட்டில் கருவாடு வறுத்தபோது, எனக்கு ஒன்பது வயதில் விளாத்திகுளத்துக்குப் பக்கத்திலிருக்கும் எங்கள் ஊருக்கு வந்த ஒருவர் நினைவுக்கு வந்தார்.

உலகத்தைக் காக்கப் பிறந்த கடைசி அவதாரம் தான்தான் என்றும், வெறும் தண்ணீரில் உயிர் வாழ்வதாகவும் அவர் சொன்னார். பத்துப் பேர் அதை நம்பி, அவர் தங்கிய, மூட்டை அடுக்கும் பருத்திக் கிட்டங்கியே கதியென்று கிடந்தார்கள். அவர்களில் ஒருத்தி, புருஷனை இழந்த என் அத்தை. தன் கரிசல் காட்டையே அவருக்கு எழுதிக்கொடுக்கத் துடித்தாள்.

"பட்டினி கெடக்கவன் கன்னம் இப்படியா மினுங்கும்?" என்றார் அப்பா.

ஒருநாள் அந்த அவதாரம் என் கன்னத்தைத் தடவி ஆசி கொடுத்தார். விரலில் கருவாட்டு வாடை அடித்தது. வீட்டில் சொன்னேன். அப்பா நேரே போய் எல்லோர் முன்னாலும் கேட்டுவிட்டார். வந்தவர் தலைகுனிந்தார். அத்தைதான் எழுந்தாள்.

"நாந்தான் வறுத்துக் குடுத்தேன் அண்ணே. அவிய கேக்கல. பசிச்ச மொகம் எனக்குத் தெரியாதா?"

கூட்டம் கலைந்தது. மறுநாள் காலை பஸ்ஸில் அவர் போய்விட்டார். காடு தப்பித்தது.

பல வருஷம் கழித்து அத்தையிடம் கேட்டேன்: "அவர் சாமியில்லன்னு எப்பத் தெரிஞ்சுது?"

"மொத நாளே தெரியும்ட்டி" என்றாள்.

பிறகு எதற்குக் காட்டை எழுதிக்கொடுக்கப் பார்த்தாள்? கேட்க வாயெடுத்தேன். பஸ் போகும் ரோட்டையே பார்த்திருந்த அவள் முகத்தைக் கண்டதும் நிறுத்திக்கொண்டேன்.