அயர்லாந்து மசியலும் அண்ணாச்சி வச்ச பொடியும்

கெஸ்ட் ஹவுஸ் சமையல்காரனுக்கு நாக்கு ரெண்டு வேணும், ஒண்ணு ருசி பாக்க, இன்னொண்ணு "ஓ, தெரியுமே!"ன்னு புளுக. அடுப்படியில வேகுற என் சகாக்களே, நீங்களும் புளுகியிருப்பீக. எனக்குக் கூடுதலா ஒரு வியாதி: யார் குரலா இருந்தாலும் வாயில அப்படியே வந்துரும்.

தெரியுமே!

சிவகாசியில காலண்டர் அடிக்கிற கம்பெனி ஒண்ணோட கெஸ்ட் ஹவுஸ்ல எனக்கு வேல. ஆர்டர் பேச அயர்லாந்துல இருந்து ஒருத்தர் வந்திருந்தாரு. வந்ததுல இருந்து வாழைப்பழமும் பிஸ்கட்டுந்தான்; நம்ம குழம்பக் கண்டாலே கையெடுத்துக் கும்பிட்டுருவாரு. முதலாளி அண்ணாச்சிக்கு மனசு கேக்கல. மேனேஜர் போன்ல தேடி, 'கோல்கேனன்'னு அவுக ஊருச் சாப்பாடு ஒண்ணக் கண்டுபிடிச்சாரு. உருளைக்கிழங்க மசிச்சு, பால், வெண்ணெய், கேல்னு ஒரு கீரை போட்டுக் கிண்டணும், அம்புட்டுதான்.

"தெரியுமாய்யா?"ன்னாரு அண்ணாச்சி. "தெரியுமே!"ன்னேன். தலைய ஆட்டிக்கிட்டே சொன்னாரு: "நல்லது. இதுவும் தட்டோட திரும்பி வந்துச்சுன்னா, மதுரையில இருந்து வேற மாஸ்டர் வந்துருவாரு. நீ வீட்டுல உக்காந்து பலகுரல் பண்ணு."

சுருட்டை இலை

கேல் படத்த மார்க்கெட்டுல கீரைக்காரம்மாகிட்ட போன்ல காட்டுனேன். ஓரமெல்லாம் சுருண்டு சுருண்டு கெடக்கு; நம்மூர் வெயிலுக்கு அது எங்கிட்டுக் கூடி வரும்? அந்தம்மா படத்தப் பாத்துச்சு, என்னயப் பாத்துச்சு. முருங்கைக்கீரை ஒரு கட்டும், முட்டைக்கோஸோட வெளி இலையும் பையில திணிச்சுட்டுச் சொல்லுச்சு: "இம்புட்டு சுருங்குன இலைய நான் வச்சிருந்தா, வாடிப்போச்சுன்னு நீங்கதானண்ணே மொத ஆளா சண்டைக்கு வருவீக!"

பேச்சியம்மா கை

கூடமாட ஒத்தாசைக்கு இருக்கிற பேச்சியம்மா, முன்ன தாயில்பட்டி பக்கம் பட்டாசு ஆலையில மருந்து கலக்குற ரூம்ல வேல பாத்தது. வெந்த கிழங்க மசிக்க இரும்பு மத்தக் குடுத்தேன். அத ஓரமா வச்சுட்டு, ரெண்டு கதவையும் தெறந்து போட்டு, கொஞ்சங் கொஞ்சமா எடுத்து, பட்டாசு மருந்தக் கலக்குற கணக்கா இடிக்காம உரசாம விரலாலயே பிசையுது. கிழங்கு வெண்ணெயா இழையுது.

என் நாக்கு சும்மா கெடக்குமா? பின்னால நின்னு, பட்டாசு ஆலை போர்மேன் அதட்டுற குரல்ல, "ஏய், அங்கன என்ன பொகையுது?"ன்னேன். திரும்பிக்கூடப் பாக்கல, போட்டது போட்டபடி கொல்லை வேப்பமரத்தடிக்கு ஓடிருச்சு. நான் வயித்தப் பிடிச்சுச் சிரிக்கேன். மெதுவா வந்து, கையக் கழுவிட்டு, கிழங்குல கை வச்சுச்சு. "சிரிங்கண்ணே, நல்லாச் சிரிங்க. ஓடத் தெரிஞ்சதாலதான் உங்களுக்குக் கிழங்கு பிசைய நான் இருக்கேன்."

நடுவுல ஒரு குழி

மசியல் கீரையோட கலந்தாச்சு. தட்டுல குவிச்சு, நடுவுல குழி பறிச்சு, உருக்குன வெண்ணெய அதுல ஊத்தணும். குழி பறிச்சுட்டு வெண்ணெய் உருக்கத் திரும்புனேன். அந்நேரம் பாத்து அண்ணாச்சி அடுப்படிக்குள்ள வந்துட்டாரு. நம்மூர் ஆளு குழியக் கண்டா விடுவாரா? இட்லிப்பொடிய ரொப்பி, மேல நல்லெண்ணெயும் ஊத்திட்டு, "பொடி இல்லாம என்னய்யா குழி?"ங்காரு. நான் வாயத் தெறக்கறதுக்குள்ள மேனேஜர் தட்டத் தூக்கிட்டுப் போயிட்டாரு.

ஹால்ல இருந்து மேனேஜர் கத்துறாரு: "எவன்யா இதுல பொடி வச்சது?" அண்ணாச்சி கூரையப் பாக்காரு. எனக்குக் கண்ணு முன்னால மதுரை மாஸ்டர் வந்து நிக்காரு. கதவுக்குப் பின்னால இருந்து, அச்சு அசல் அண்ணாச்சி குரல்ல, "நாந்தான்யா வச்சேன், என்ன இப்போ?"ன்னேன். இங்கன அண்ணாச்சிக்குப் பொரை ஏறிருச்சு. அங்கன மேனேஜர் சட்டுனு குழைஞ்சாரு: "ரொம்ப நல்ல ஐடியாங்க அண்ணாச்சி!"

தட்டு திரும்பி வந்துச்சு

நானும் அண்ணாச்சியும் கதவிடுக்குல எட்டிப் பாத்தோம். விருந்தாளி ஒரு வாய் வச்சாரு. மொகம் செவந்து, கண்ணுல தண்ணி. தண்ணி டம்ளரத் தூக்குனாரு. குடிக்காம வச்சுட்டு, மறுபடி கரண்டிய எடுத்தாரு. வழிச்சுத் தின்னுட்டு, இன்னொரு தட்டு கேட்டாரு. அவரு இங்கிலீசுல சொன்னத மேனேஜர் தமிழ்ல எடுத்துச் சொன்னாரு: "எங்க வீட்டுல பண்டிகையன்னிக்கு விளையாட்டா இதுக்குள்ள மோதிரத்த ஒளிச்சு வைப்பாக, நீங்க பட்டாசுல்ல வச்சிருக்கீக!"

இப்பல்லாம் எந்த வெளிநாட்டு விருந்தாளி வந்தாலும் மசியல் நான், பொடி அண்ணாச்சி; ஆக, என் வேல தங்குனது என் கைப்பக்குவத்தால இல்ல, முதலாளி கை சும்மா இருக்காததாலதான்.