அங்பாவ் வாங்கிய ஆட்டக்காரன்

பினாங்குத் துறைமுக அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்த நாளில் எனக்கிருந்த ஒரே பைத்தியம் டென்னிஸ். சுங்கை பினாங்கில் வாடகை அறை, கல்யாணமும் ஆகவில்லை, பேச்சுத் துணைக்கு ஆளில்லை. சாயங்காலம் எங்கள் ஆட்கள் நடத்திய கிளப்பின் புல்தரையில் கால் வைத்தால்தான் நானும் ஒரு மனிதன் என்ற நினைப்பு வரும். இரட்டையர் ஆட்டத்தில் என் ஜோடி, அலுவலகத்தில் பக்கத்து மேசை யாழ்ப்பாணத்துக்காரர். நான்கு வருடம் ஒன்றாக ஆடி, ஒருவழியாகக் கிளப் போட்டியின் இறுதி ஆட்டத்துக்கு வந்திருந்தோம்.

அப்போது தவுக்கே என்று எல்லோரும் கூப்பிடும் ஒரு சீன அரிசி முதலாளியின் மகனுக்கு ஞாயிறுதோறும் காசு வாங்காமல் பந்தடிக்கச் சொல்லிக்கொடுத்து வந்தேன். சீனப் புத்தாண்டன்று தவுக்கே சிவப்பு உறையில் அங்பாவ் என்ற புத்தாண்டுக் காசை நீட்டினார். கல்யாணமாகாதவர்களுக்குக் கொடுப்பது அவர்கள் வழக்கம். நல்ல நாளில் மறுப்பது மரியாதையில்லை. இரண்டு கையாலும் வாங்கினேன். அதைக் கிளப்பில் பெருமையாகக் காட்டியதுதான் என் முட்டாள்தனம்.

கமிட்டி கூடியது. கற்றுக்கொடுத்துக் காசு வாங்கியவன் தொழில்காரன், அமெச்சூர்களோடு ஆடக் கூடாது என்றார்கள். சொன்னவர்களில் பாதிப் பேர் கடைக்காரர்களிடம் மட்டையை இலவசமாக வாங்கிக்கொண்ட கனவான்கள். அவர்கள் வாங்கினால் அன்பளிப்பு, நான் வாங்கினால் கூலி. என்னை விலக்கக் கைதூக்கியவர்களில் என் ஜோடியும் இருந்தார்.

வாசலில் என் தோளைத் தொட்டு, "மச்சான், சட்டம் எண்டு ஒண்டு இருக்கல்லோ, நான் என்ன செய்யிறது?" என்றார். இறுதி ஆட்டத்தை வேறொருவரோடு ஆடி ஜெயித்தார். நான் பார்க்கப் போகவில்லை.

அதற்குப் பிறகு மாலை நேரங்கள் என்னைக் கொன்றன. கடற்கரையில் நடப்பேன், அறைக்கு வந்து மட்டையைத் துடைப்பேன், மறுபடி உறையில் போடுவேன். இரண்டு மாதம் கழித்துக் கிளப்பிலிருந்து ஆள் வந்தது. மார்க்கர் வேலை காலியாம். சம்பளத்துக்கு உறுப்பினர்களோடு ஆடவேண்டும், பின்வாசலால் வரவேண்டும், வராந்தாவில் உட்காரக் கூடாது. ரோஷமுள்ளவன் முகத்தில் அடித்தாற்போல் மறுத்திருப்பான். நான் ஒத்துக்கொண்டேன். காசுக்காக இல்லை. வலைக்கு அந்தப் பக்கம் யாராவது நிற்கவேண்டும், அவ்வளவுதான்.

முதல் நாள் வந்து நின்றவர் என் பழைய ஜோடி. ஒரு மணி நேரம் ஆடினோம். முடிந்ததும் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு வராந்தாவில் ஏறினார். பழக்கதோஷத்தில் நானும் ஒரு படி ஏறிவிட்டேன். அவர் திரும்பிப் பார்த்தார்.

"நாளைக்கும் இதே நேரம், மார்க்கர்."

படியிலிருந்து இறங்கி, சரி ஐயா என்றேன். நாளைக்கும் ஆள் உண்டு என்ற சந்தோஷம்தான் எனக்கு முதலில் வந்தது. வெட்கம் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திய பிறகுதான் வந்தது.