சந்துக்குள் ஒரு நீலக் கிளி

2012 குளிர்காலத்தில் பாரிஸிலிருந்து வந்த மாமா, மெல்பேர்னில் பார்க்க ஒன்றுமே இல்லை என்று மூன்று நாளாக முகத்தைச் சுளித்தார். வாயைத் திறந்தால், இரவில் மின்னும் ஈபிள் கோபுரம்தான். நாலாம் நாள் எனக்குப் பொறுமை போய்விட்டது. பொழுது பட்டதும், சுவரெல்லாம் ஓவியம் கீறியிருக்கும் அந்தப் பெயர்போன சந்தின் வாசலில் அவரை இறக்கிவிட்டேன்.

"நீ வரேல்லையோ, பிள்ளை?"

"நான் எத்தினையோ தரம் பாத்திட்டன், மாமா. இங்க கார் விட இடமில்லை."

அரை மணித்தியாலம் அந்தத் தெருக்களையே சுற்றிச் சுற்றி ஓட்டினேன். எந்த விருந்தாளி வந்தாலும் எனக்கு இதுதான் வேலை. மாமா முகம் மலர வந்து ஏறினார்.

"கடைசிச் சுவரில ஒரு பெரிய நீலக் கிளி. என்ன வடிவு!"

"ஓம் மாமா, அதின்ர கண்ணைப் பாத்தனீங்களோ? உயிரோட இருக்கிற மாதிரி!"

"அங்க கிளியே இல்லை."

எனக்குக் காது சுட்டது. "எப்பிடி மாமா கண்டுபிடிச்சனீங்கள்?"

மாமா சீற் பெல்ற்றை இழுத்து மாட்டினார்.

"இருபது வருசமா அந்தக் கோபுரத்தடியில நானும் காருக்குள்ளதான் இருக்கிறன்."